ம்யூஹேயின் முகம்

ஜெர்மன் மொழியில் 'ம்யூஹே' என்றால் பாடு, சிரமம், பிரயாசை என்று பொருள். அப்படி ஒரு குடும்பப் பெயரோடு ஒரு நடிகர் இருந்தார். உல்ரிஷ் ம்யூஹே. பெயரில்தான் பாடு. திரையில் அவர் படுகிற பாடு நம் கண்ணுக்கே தெரியாது. இன்றைக்கு அவரைப் பற்றித்தான் எழுதப்போகிறேன்.

யார் அது என்று கேட்பவர்களுக்கு ஒரு அடையாளம்: 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' என்று 2006-இல் ஒரு ஜெர்மன் படம் வந்தது. அந்த வருடத்துக்கான ஆஸ்கரில் சிறந்த வெளிநாட்டு மொழிப் படம் என்ற விருதையும் வாங்கியது. அதில் சாம்பல் நிற ஜாக்கெட்டைக் கழுத்து வரை இழுத்து மூடிக்கொண்டு, காதில் ஹெட்ஃபோனோடு ஒரு கட்டடத்தின் பரணில் உட்கார்ந்திருப்பாரே ஒருவர், அவர்தான். எங்கள் விடுதியில் இந்தப் படத்தைப் போட்டபோது, "இந்த ஆள் மூஞ்சில ஒண்ணுமே இல்லையேடா" என்று சொல்லிவிட்டு ஒரு நண்பன் பாதியில் எழுந்து போனான். அந்த 'ஒண்ணுமே இல்லை' எங்கிருந்து வந்தது என்று தேடப் போனதில் சேர்ந்த விஷயங்கள்தான் இந்தப் பதிவு.

டிஸ்கி: படத்தின் முடிவு உட்பட எல்லாவற்றையும் போட்டு உடைக்கப் போகிறேன். பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள். பதிவு எங்கேயும் ஓடிவிடாது :-)

ம்யூஹே பிறந்தது 1953 ஜூன் 20, சாக்சனி மாநிலத்தில் கிரிம்மா என்ற சின்ன ஊரில். அப்போது அது கிழக்கு ஜெர்மனி. அப்பா ரோமத்தோலில் கோட்டும் தொப்பியும் தைக்கும் தொழில் செய்தவர். பையன் பள்ளிப் படிப்போடு கட்டட வேலையும் கற்றுக்கொண்டான். பிறகு கட்டாய ராணுவ சேவை. அதில் அவருக்குக் கிடைத்த இடம்தான் கவனிக்க வேண்டியது. எல்லைக் காவல் படையில் சேர்த்து, பெர்லின் சுவரில் காவலுக்கு நிறுத்தினார்கள்.

பெர்லின் சுவர் என்றால் அந்தப் பக்கத்திலிருந்து யாரும் உள்ளே வராமல் தடுக்கக் கட்டியது என்று சிலர் நினைக்கிறார்கள். நிஜத்தில் அது சொந்த ஜனங்கள் வெளியே போகாமல் இருக்க 1961-இல் கட்டியது. தப்பித்து ஓடுகிறவர்களை எப்படியாவது நிறுத்தவேண்டும், தேவைப்பட்டால் சுடவேண்டும் என்பதுதான் அங்கே காவல் நின்ற பையன்களுக்கு இருந்த கட்டளை. இருபது வயசுப் பையன் ஒருவன் கையில் துப்பாக்கியோடு, "கடவுளே, என் முறையில் யாரும் ஓடி வந்துவிடக் கூடாதே" என்று இராத்திரி முழுக்க இருட்டையே பார்த்துக்கொண்டிருந்தால் என்ன ஆகும்? ம்யூஹேக்கு வயிற்றில் புண் வந்தது. அதனால் அந்த வேலையிலிருந்து விடுபட்டார். முகத்தில் காட்ட முடியாததை வயிறு காட்டிவிட்டது என்று நான் நினைத்துக்கொள்கிறேன்.

அதற்குப் பிறகு 1975 முதல் 1979 வரை லைப்சிக் நகரத்து நாடகக் கல்லூரியில் படிப்பு. முதல் வேலை கார்ல் மார்க்ஸ் ஸ்டாட் என்ற ஊரின் நாடகக் கம்பெனியில் (அந்த ஊருக்கு இப்போது பழைய பெயரான கெம்னிட்ஸே திரும்ப வந்துவிட்டது). ஹைனர் ம்யூல்லர் என்ற நாடகாசிரியரின் கண்ணில் பட்டார். ம்யூல்லர் சாதாரண ஆள் இல்லை. பிரெக்ட்டுக்குப் பிறகு கிழக்கு ஜெர்மனியின் மிகப் பெரிய நாடகக்காரர் என்று சொல்லப்படுபவர், அரசாங்கத்திடம் தடையும் வாங்கியவர். 1982-இல் அவர் பெர்லினில் போட்ட 'மேக்பெத்'தில் ம்யூஹே நடித்தார். அடுத்த வருடமே நாட்டின் முதன்மையான மேடையான டாய்ச்செஸ் தியேட்டரில் இடம். முப்பது வயதில் அங்கே நட்சத்திரம். 1985-இல் 'பாதி வாழ்க்கை' என்ற படத்தில் கவிஞர் ஹோல்டர்லினாக நடித்தார். கூட நடித்தவர் யென்னி க்ரோல்மன், அப்போது அவருடைய மனைவி. இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும்.

சரி, இந்த இடத்தில் ஸ்டாசியைப் பற்றிக் கொஞ்சம் சொல்லாமல் மேலே போக முடியாது.

ஸ்டாசி என்பது கிழக்கு ஜெர்மனியின் ரகசியப் போலீஸ். ஒன்றரைக் கோடியைக் கொஞ்சம் தாண்டிய ஜனத்தொகை கொண்ட நாட்டில், 1989-இல் அதற்கு முழுநேர ஊழியர்கள் மட்டும் சுமார் 91,000 பேர். அது போக, ரகசியமாகத் தகவல் தருகிறவர்கள் ஏறக்குறைய 1,89,000 பேர். பக்கத்து வீட்டுக்காரர், கூட வேலை செய்பவர், கல்லூரித் தோழன், சில வீடுகளில் சொந்தக் குடும்பத்திலேயே ஒருவர். அவர்கள் எழுதிச் சேர்த்த கோப்புகளை வரிசையாக அடுக்கினால் 111 கிலோமீட்டர் நீளம் வரும். "பக்கத்து மேசைக்காரன் என்ன ஜோக் சொன்னான்" என்பதையெல்லாம் எழுதி எழுதியே நூறு கிலோமீட்டர் தாண்டியிருக்கிறார்கள்!

நாடகக்காரர்கள் மேல் அவர்களுக்குத் தனிக் கண். அந்த நாட்டில் பேப்பரில் எழுத முடியாததை மேடையில் ஒரு இடைவெளி விட்டுச் சொல்லிவிட முடியும். ஷேக்ஸ்பியர் வசனத்தை அப்படியே பேசி, ஒரு சொல்லுக்கு முன்னால் அரை நொடி நிறுத்தினால் போதும், அரங்கம் முழுக்கப் புரிந்துகொள்ளும். அதே அரங்கில் குறிப்பெடுக்க வந்தவனும் உட்கார்ந்திருப்பான். அவனுக்கும் புரியும். ஆனால் எதை எழுதிக்கொண்டு போவான்? "அரை நொடி நிறுத்தினார்" என்றா? அந்த மேடையில் பழகிய ஒருவருக்கு எதையும் காட்டாமல் எல்லாவற்றையும் சொல்வது கைவந்த கலை ஆகிவிடுகிறது. என் நண்பன் கேட்ட கேள்விக்கு முதல் பதில் இதுதான்.

1989. ம்யூல்லர் 'ஹாம்லெட்'டை எடுத்துத் தன்னுடைய 'ஹாம்லெட் மெஷின்' நாடகத்தோடு சேர்த்து ஏழெட்டு மணி நேர நாடகமாக ஒத்திகை பார்க்க ஆரம்பித்தார். ஹாம்லெட் வேறு யார், ம்யூஹேதான். ஒத்திகை தொடங்கும்போது நாடு இருந்தது, சுவர் இருந்தது, ஸ்டாசி இருந்தது. 1990 மார்ச்சில் திரை தூக்கியபோது சுவர் திறந்துவிட்டது, ஸ்டாசி கலைந்துவிட்டது, நாடு மட்டும் பெயருக்கு மிஞ்சியிருந்தது. "டென்மார்க்கில் ஏதோ அழுகிப் போய்விட்டது" என்ற நாடகத்தை ஒத்திகை பார்த்துக்கொண்டிருக்கும்போதே வெளியே நிஜ ராஜ்ஜியம் இடிந்து விழுந்தால் எப்படி இருந்திருக்கும்!

இடையில் ம்யூஹே வெறும் ஒத்திகை மட்டும் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. அக்டோபர் 28-ஆம் தேதி டாய்ச்செஸ் தியேட்டரில் ஒரு வாசிப்புக் கூட்டம். வால்டர் யாங்கா என்ற பதிப்பாளர் 1957-இல் பொய்க் குற்றச்சாட்டில் ஐந்து வருட சிறைத் தண்டனை வாங்கியவர். அவர் எழுதிய நினைவுக் குறிப்புகள் அப்போது மேற்கு ஜெர்மனியில்தான் புத்தகமாக வந்திருந்தன. அதை எடுத்து மேடையில் நின்று வாசித்தார் ம்யூஹே. சுவர் இன்னும் விழவில்லை என்பதை மறந்துவிடாதீர்கள். மறுநாள் யார் கைதாவார்கள் என்று தெரியாத நேரம்.

ஒரு வாரம் கழித்து, நவம்பர் 4. பெர்லினின் அலெக்ஸாண்டர் சதுக்கத்தில் பேரணி. ஏற்பாடு செய்தவர்கள் நாடகக்காரர்கள். வந்த கூட்டம் ஐந்து லட்சம் என்கிறார்கள். ம்யூஹே மேடையேறி, நாட்டுக்குத் தலைமை தாங்கும் உரிமை ஒரே கட்சிக்குத்தான் என்று சொல்லும் அரசியல் சட்டத்தின் முதல் பிரிவையே நீக்க வேண்டும் என்று பேசினார். அதே மேடையில் அதே நாளில் பேசிய இன்னொருவர் யார் தெரியுமா? மார்க்குஸ் வோல்ஃப். ஸ்டாசியின் வெளிநாட்டு உளவுப் பிரிவுக்கு முப்பது வருடத்துக்கு மேல் தலைவராக இருந்தவர். கூட்டம் அவரைக் கூச்சல் போட்டு அடக்கியது. கண்காணித்த துறையின் பெரிய தலையும் கண்காணிக்கப்பட்ட நடிகரும் ஒரே மைக்கில் பேசியிருக்கிறார்கள். ஐந்தே நாளில் சுவர் திறந்தது.

அதற்குப் பிறகுதான் அவருடைய சினிமா, டிவி வாழ்க்கை முழுவேகம் எடுத்தது. பட்டியல் போட்டுப் பார்த்தபோது எனக்கே ஆச்சரியம். வந்த பாத்திரங்களில் பாதி யாரையாவது வேவு பார்ப்பவன், இல்லாவிட்டால் யாராலோ வேவு பார்க்கப்படுபவன்.

பெர்ன்ஹார்ட் விக்கி இயக்கிய 'சிலந்தி வலை' 1989-இலேயே வந்தது. யோசஃப் ரோத்தின் நாவல். முதல் உலகப் போருக்குப் பிறகு ஒரு ரகசிய வலதுசாரிக் கும்பலுக்கு உளவு சொல்லியே மேலே ஏறுகிற லோஸே என்ற இளம் அதிகாரியாக ம்யூஹே. அப்புறம் 1992-இல் மைக்கேல் ஹனகேயின் 'பென்னிஸ் வீடியோ'. மகன் ஒரு பெண்ணைக் கொன்றுவிடுகிறான். அப்பாவான ம்யூஹே அழவும் இல்லை, கத்தவும் இல்லை. வீட்டுக் கணக்குப் பார்ப்பது மாதிரி, பிணத்தை எப்படி இல்லாமல் செய்வது என்று மனைவியோடு உட்கார்ந்து பேசுகிறார். கடைசியில் மகன் என்ன செய்கிறான் என்றால், அந்தப் பேச்சைக் கதவிடுக்கு வழியாகப் பதிவு செய்து வைத்திருந்ததைப் போலீஸிடம் கொண்டுபோய்க் கொடுத்துவிடுகிறான். ஒட்டுக்கேட்டவன் சொந்த மகன்.

1997-இல் அதே ஹனகே, 'ஃபன்னி கேம்ஸ்'. ஏரிக்கரை வீட்டுக்கு விடுமுறைக்கு வந்த குடும்பத்தை வெள்ளைக் கையுறை போட்ட இரண்டு இளைஞர்கள் வந்து வதைக்கிறார்கள். அப்பா ம்யூஹேயின் காலை ஆரம்பத்திலேயே கோல்ஃப் மட்டையால் உடைத்துவிடுகிறார்கள். அதற்கப்புறம் படம் முழுக்க அவரால் பார்க்க மட்டும்தான் முடியும். அம்மாவாக நடித்த சூசன்னே லோதார் நிஜ வாழ்க்கையிலும் அவருடைய மனைவி. இதில் இன்னொரு குரூரம்: வதைக்க வருகிறவர்களில் ஒருவனாக நடித்த ஆர்னோ ஃப்ரிஷ்தான் முந்தைய படத்தில் அவருக்கு மகனாக நடித்தவன். அந்தப் படத்தை நான் ஒரு தடவைதான் பார்த்தேன். இரண்டாவது தடவைக்குத் தைரியம் இல்லை. அதே வருடம் ஹனகே டிவிக்காக எடுத்த காஃப்காவின் 'கோட்டை'யில் நில அளவையாளர் கே. ஆகவும் அவரே. எவ்வளவு தட்டினாலும் உள்ளே விடாத ஓர் அரசாங்கம், காரணமும் சொல்லாத அதிகாரிகள். கிழக்கு ஜெர்மனிக்காரருக்கு இதில் ஒத்திகை தேவைப்பட்டிருக்குமா?

ஆனால் ஜெர்மன் வீடுகளுக்குள் அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது ஹனகே இல்லை, டிவி. 1998 முதல் 2007 வரை இஸட்.டி.எஃப். சேனலில் 'கடைசி சாட்சி' என்ற தொடர். எழுபது எபிசோடுக்கு மேல் ஓடியது. டாக்டர் ராபர்ட் கோல்மார், பிரேதப் பரிசோதனை செய்யும் தடயவியல் மருத்துவர். கதை வழக்கமான குற்றத் தொடர்தான்: பிணம் வரும், போலீஸ் ஒன்று சொல்லும், டாக்டர் வேறொன்றைக் கண்டுபிடிப்பார். தலைப்பின் அர்த்தம்தான் அழகு. கொலையுண்டவரின் உடல்தான் கடைசி சாட்சி. அது பேசாது, பொறுமையாகக் கேட்கத் தெரிந்தவனுக்கு மட்டும் சொல்லும். ம்யூஹே அந்தத் தொடரில் ஒன்பது வருடம் செய்தது கேட்பதுதான்.

கலைப்பட ரசிகர்களுக்கு டிவித் தொடர் என்றாலே ஒரு இளக்காரம் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. வாராவாரம் வந்து போகும் முகத்தை ஜனங்கள் தங்கள் வீட்டு முகமாக நம்பிவிடுகிறார்கள். "இவர் நல்ல மனுஷன், இறந்தவர் பக்கம் நிற்பவர்" என்று ஒன்பது வருடமாக நம்பிய அதே முகத்துக்கு ஸ்டாசி சட்டை போட்டால் எப்படி இருக்கும்? 2006-இல் படம் பார்த்த ஜெர்மானியர்களுக்கு அந்த அதிர்ச்சியும் சேர்ந்துதான் கிடைத்திருக்கும். அதை நம்மால் வெளியிலிருந்து ஊகிக்க மட்டும்தான் முடியும்.

இப்போது அந்தப் படத்துக்கு வருவோம். இயக்குனர் ஃப்ளோரியன் ஹெங்கல் ஃபான் டோனர்ஸ்மார்க். மேற்கு ஜெர்மனியில் பிறந்தவர், இதுதான் அவருடைய முதல் முழுநீளப் படம். கதை 1984-இல் நடக்கிறது. ஸ்டாசி கேப்டன் வீஸ்லர், நாடகாசிரியர் ட்ரேமன் வீட்டுக்குள் மைக்குகளை ஒளித்துவைத்து, அதே கட்டடத்தின் பரணில் உட்கார்ந்து ஒட்டுக்கேட்கிறான். கேட்கக் கேட்க அவனுக்குள் ஏதோ ஆகிறது. அறிக்கைகளில் பொய் எழுத ஆரம்பிக்கிறான். வேவு பார்க்கிறவனே காவல்காரன் ஆகிவிடுகிறான்.

ஆரம்பத்தில் வீஸ்லர் மாணவர்களுக்குப் பாடம் நடத்துவான். ஒரு கைதியைத் தூங்கவிடாமல் விசாரித்த டேப்பைப் போட்டுக் காட்டுவான். ஒரு மாணவன், "இது மனிதத்தன்மை இல்லையே" என்று கேட்கிறான். வீஸ்லர் பதில் சொல்லிக்கொண்டே, அந்த மாணவனின் பெயருக்கு எதிரே சின்னதாக ஒரு குறி போடுகிறான். அவ்வளவுதான். ம்யூஹே முகத்தில் கோபம் இல்லை, வில்லன் சிரிப்பு இல்லை. ஒரு வாத்தியார் வருகைப் பதிவு எடுப்பது மாதிரி. வகுப்பில் கேள்வி கேட்டுப் பழகிய எவனுக்கும் அந்த இடத்தில் வயிறு கலங்கும்.

நான் மூன்றாவது தடவை பார்த்தபோது ஒலியை நிறுத்திவிட்டு அவர் முகத்தை மட்டும் பார்த்தேன். (பரீட்சைக்கு முந்தைய வாரம் செய்கிற வேலையா இது என்று கேட்காதீர்கள்.) லிஃப்டில் ஒரு குட்டிப் பையன் பந்தோடு ஏறுகிற காட்சி. பையன் கேட்கிறான்: நீங்கள் ஸ்டாசியா? கெட்டவர்கள், ஆட்களைப் பிடித்துப் போடுவார்கள் என்று எங்க அப்பா சொன்னார். வீஸ்லரின் வாய் பழக்க தோஷத்தில் உடனே திறக்கிறது, "உன் ... பேர் என்ன?" நடுவில் நின்றுவிடுகிறது. அப்பா பேரைத்தான் கேட்க வந்தான். "என் எதோட பேர்?" என்கிறான் பையன். ஒரு கணம் யோசித்து, "உன் பந்தோட பேர் என்ன?" என்று முடிக்கிறான் வீஸ்லர். வாய் நின்று, கண் ஒரு தரம் கீழே போய், திரும்பி மேலே வருகிறது. ஒரு மனிதன் மாறியதை இதைவிடக் குறைவாக யாரும் நடித்துக் காட்டி நான் பார்த்ததில்லை.

இந்தப் பாத்திரத்துக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டவர்களுக்கு ம்யூஹே சொன்ன பதில் ரொம்பப் பிரபலம். நினைவுபடுத்திக்கொண்டேன், அவ்வளவுதான் என்றார்.

என்ன நினைவு? 1992-இல் கோப்புகள் திறக்கப்பட்டபோது ஸ்டாசி தன்னைப் பற்றி எழுதியதை யார் வேண்டுமானாலும் போய்ப் படிக்கலாம் என்று சட்டம் வந்திருந்தது. ம்யூஹேயும் படித்தார். கூட நடித்தவர்களில் நான்கு பேர் தன்னைப் பற்றித் தகவல் கொடுத்ததாக அதில் இருந்தது. அதற்கு மேல் இன்னொன்று. முன்னாள் மனைவி யென்னி க்ரோல்மனையும் ஸ்டாசி தன் தகவலாளி என்று பதிந்து வைத்திருந்தது. படத்தோடு வெளிவந்த புத்தகத்தின் பேட்டியில் ம்யூஹே இதைச் சொன்னார். க்ரோல்மன் அடியோடு மறுத்தார், சத்தியப் பிரமாணம் செய்தார், நீதிமன்றம் போனார். நீதிமன்றம் அப்படிச் சொல்லக் கூடாது என்று தடை போட்டது. அவரைப் பற்றிக் கோப்பு எழுதிய அதிகாரியே, அதில் பலவற்றைத் தானே இட்டுக்கட்டியதாகவும், ஸ்டாசி ஆளிடம் பேசுகிறோம் என்பதே அந்த அம்மாவுக்குத் தெரியாது என்றும் பின்னால் சொன்னார். 2006 ஆகஸ்டில் க்ரோல்மன் புற்றுநோயில் இறந்துபோனார்.

படத்தில் அதிகாரி பொய் அறிக்கை எழுதி ஒரு கலைஞனைக் காப்பாற்றுகிறான். வாழ்க்கையில் ஒரு அதிகாரி பொய் எழுதினேன் என்கிறார். அதனால் யாரும் காப்பாற்றப்படவில்லை. இரண்டு பேருக்கு நடுவில் என்ன நடந்தது என்று தீர்ப்புச் சொல்ல நான் யார்? ஒன்று மட்டும் தெரிகிறது. செத்துப்போன ஒரு அலுவலகத்தின் காகிதம், அலுவலகம் மூடி பதினாறு வருடம் ஆன பிறகும் ஒரு குடும்பத்தைக் கோர்ட்டுக்கு இழுக்கிறது. ம்யூஹே தன் கோப்பை நம்பினார். கோப்பை எழுதியவர்களோ நம்பத் தகுந்தவர்கள் இல்லை.

படத்துக்கு எதிர்ப்பும் வந்தது, அதையும் சொல்லவேண்டும். ஸ்டாசியின் சிறைச்சாலை இப்போது ஹோஹென்ஷோன்ஹவுஸனில் நினைவகமாக இருக்கிறது. அதன் அப்போதைய இயக்குனர் ஹூபர்டுஸ் க்னாபே, ஸ்டாசிக்காரனை நாயகனாக்கும் படத்துக்கு அங்கே இடம் தர முடியாது என்று மறுத்துவிட்டார். "ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட் மட்டும் எடுக்கவில்லையா?" என்று இயக்குனர் வாதாடியபோது, ஷிண்ட்லர் என்று ஒருவர் இருந்தார், வீஸ்லர் என்று யாரும் இருந்ததில்லையே என்பதுதான் க்னாபேயின் பதில். 'ஸ்டாசிலாந்து' எழுதிய ஆனா ஃபண்டரும் அதையேதான் சொன்னார்: ஒருவரை ஒருவர் வேவு பார்க்கும் அமைப்புக்குள் தனி ஒருவன் யாரையும் அப்படிக் காப்பாற்றியிருக்கவே முடியாது.

அவர்கள் சொல்வது சரி என்றுதான் எனக்கும் படுகிறது. கதையாக வைத்துப் பார்த்தால் இது ஒரு இனிப்புப் பொய். ஆனாலும் படம் ஏன் பொய்யாகத் தெரியவில்லை? காரணம் ம்யூஹே. அவர் வீஸ்லரை மன்னிக்கவில்லை. 'திருந்திய நல்லவன்' என்று எங்கேயும் நடிக்கவில்லை. கடைசி வரை அதே ஜாக்கெட், அதே நடை, அதே தனிமை. சுவர் விழுந்தபின் வீடு வீடாக விளம்பரத் தாள் போட்டுக்கொண்டு போகும்போதும் அதே முகம். கண்காணிக்கப்பட்டவர் ஒருவர், தன்னைக் கண்காணித்தவனுக்கு இரண்டு மணி நேரம் தன் முகத்தை இரவல் கொடுத்திருக்கிறார். நீ இப்படி இருந்திருக்கலாமே, ஏன் இல்லை என்று அவனிடமே கேட்கிற மாதிரி எனக்குத் தோன்றுகிறது.

2006-இல் ஜெர்மன் திரைப்பட விருதும் ஐரோப்பியத் திரைப்பட விருதும் சிறந்த நடிகருக்காக அவருக்குக் கிடைத்தன. 2007 ஜனவரியில் வந்த 'மைன் ஃப்யூரர்' என்ற நையாண்டிப் படத்தில், ஹிட்லருக்கே பேச்சுப் பயிற்சி கொடுக்க வதைமுகாமிலிருந்து கூட்டிவரப்படும் யூத நடிகராக வந்தார். பிப்ரவரியில் ஆஸ்கர் விழாவுக்குப் போனார். திரும்பியதும் வயிற்றில் அறுவை சிகிச்சை. ஜூலை 21-ஆம் தேதி பத்திரிகைப் பேட்டியில்தான் தனக்கு வயிற்றுப் புற்றுநோய் என்று வெளியே சொன்னார். மறுநாளே, 22-ஆம் தேதி, வால்பெக் என்ற கிராமத்தில் இறந்துபோனார். வயது 54. உலகம் அவர் பெயரைக் கற்றுக்கொண்டு ஒரு வருடம்கூட முழுசாக ஆகவில்லை. ஐந்து வருடம் கழித்து, அதே ஜூலையில், சூசன்னே லோதாரும் போய்ச் சேர்ந்தார். யென்னியின் மகள் ஆனா மரியா ம்யூஹே இன்று ஜெர்மனியில் நன்றாகத் தெரிந்த நடிகை.

படம் பார்த்த பிறகு எங்கள் வகுப்பில் நான்கைந்து பேர் கேன்டீனில் உட்கார்ந்து ஒரு கேள்வியை வைத்து அடித்துக்கொண்டோம். "உன்னைப் பற்றி உனக்குத் தெரிந்தவர்களே எழுதிக் கொடுத்த ஒரு கோப்பு இருக்கிறது, போய்ப் படிக்கலாம் என்கிறார்கள். படிப்பாயா?" பாதிப் பேர் கண்டிப்பாகப் படிப்பேன் என்றார்கள். மீதிப் பேர், வேண்டவே வேண்டாம், இருக்கிற நாலு நண்பர்களும் போய்விடுவார்கள் என்றார்கள். அந்தப் பாதியில் ஒருத்தி கேட்டது எனக்கு இன்னும் உறுத்துகிறது: "படிச்சிட்டு, அது பொய்னு நிரூபிக்கவும் முடியாம, உண்மைனு நம்பவும் முடியாம எப்படிடா தூங்குவே?"

நான் படிப்பேன் என்ற கட்சி. ஆனால் ம்யூஹேயின் கதை தெரிந்த பிறகு ஒரு நிபந்தனை சேர்த்துக்கொண்டேன். படத்தின் கடைசியில் ட்ரேமன் தன் கோப்பைப் படிக்கிறான் இல்லையா? அவன் தன்னைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது என்பதோடு நிறுத்துவதில்லை. இதை எழுதியவன் யார், ஏன் இப்படி எழுதினான், எதை எழுதாமல் விட்டான் என்று தேடுகிறான். ஒரு பக்கத்தில் ஒட்டியிருக்கும் சிவப்பு மை விரல் ரேகை அவனுக்கு மொத்தக் கோப்பையும் விட அதிகம் சொல்கிறது. அப்படிப் படிக்க முடிந்தால் படிக்கலாம். என்னைப் பற்றி ஒருவன் எழுதிய தாளில் என்னைவிட அவன்தான் அதிகம் இருப்பான்.

அந்தக் கோப்புகள் 2021 முதல் ஜெர்மனியின் தேசிய ஆவணக் காப்பகத்தின் வசம். இன்னமும் கேட்டு வாங்கிப் படிக்கலாம்.

நீங்கள் என்றால் படிப்பீர்களா? யோசித்துச் சொல்லுங்கள்.

பி.கு.: ம்யூஹேயைப் பார்க்க ஆரம்பிப்பவர்கள் முதலில் 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்', அப்புறம் 'கோட்டை', மனசு கெட்டியாக இருந்தால் மட்டும் 'ஃபன்னி கேம்ஸ்' என்ற வரிசையில் போங்கள். வரிசையை மாற்றிவிட்டு ராத்திரி தூக்கம் வரவில்லை என்று என்னைத் திட்டக் கூடாது, சொல்லிவிட்டேன்.